ஹார்ட்டை அமுக்கும் முன்: கன்சோல் கடையின் விஷ்லிஸ்ட்டும் அது தானாகச் செய்யும் வேலைகளும்

ஆடிப் பதினெட்டு அன்று சேலம் அஸ்தம்பட்டியில் எங்கள் வீட்டு ஹாலில் பதினோரு பேர் உட்கார்ந்து, கன்சோல் (டிவியில் இணைக்கும் வீடியோ கேம் கருவி) வழியாக டிவியில் படம் பார்த்துக்கொண்டிருந்தோம். இடைவேளைக்குக் கொஞ்சம் முன்னால் திரையின் மேல் மூலையில் ஒரு சின்னப் பெட்டி எட்டிப் பார்த்தது. என் விஷ்லிஸ்ட்டில், அதாவது பிறகு வாங்கலாம் என்று குறித்து வைத்த பட்டியலில், இருக்கும் கார் பந்தய விளையாட்டு தள்ளுபடிக்கு வந்திருக்கிறதாம். பெயரோடு, படத்தோடு. கையில் தட்டுவடை செட்டை வைத்திருந்த அக்கா மகன் அதை வாய்விட்டுப் படித்தான். “மாமா, இது எனக்கா?” அவன் பிறந்தநாளுக்கு இன்னும் பத்து நாள் இருந்தது. திரை விலகிய மேடை மாதிரி ஆகிவிட்டது என் ரகசியம்.

தப்பு என்னுடையதுதான். கன்சோலின் கடைப் பக்கத்தில் இருக்கும் ஹார்ட் (இதய வடிவ) குறியை அமுக்கினால் ஒரு பட்டியலில் பெயர் ஏறும், அவ்வளவுதான் என்று நினைத்திருந்தேன். அதற்குப் பின்னால் நடக்கும் மற்ற வேலைகளைப் புரிந்துகொள்ள எனக்கு மூன்று மாதம் ஆனது. உங்களுக்கு அரை மணி நேரம் போதும். வீட்டில் இருப்பது பிளேஸ்டேஷன் 5 என்பதால் அதை வைத்தே சொல்கிறேன். மற்ற கன்சோல்களுக்குக் கடைசிக்கு முந்தைய பகுதியில் கொஞ்சம் இருக்கிறது.

1. ஹார்ட் குறி என்ன செய்கிறது

ஒரே அமுக்கில் மூன்று காரியம் நடக்கிறது. விளையாட்டு உங்கள் விஷ்லிஸ்ட்டில் சேர்கிறது. கூடவே அந்த விளையாட்டை நீங்கள் ஃபாலோ செய்வதாகவும் கணக்கு எழுதிக்கொள்கிறது. இந்த இரண்டையும் பிடித்துக்கொண்டு நோட்டிஃபிகேஷன் வரத் தொடங்குகிறது.

விஷ்லிஸ்ட்டால் வருவது கடைச் செய்தி: விலை குறைந்தது, வெளியாகிவிட்டது, முன்பதிவு திறந்தது. ஃபாலோவால் வருவது விளையாட்டுச் செய்தி: புது டிரெய்லர், அப்டேட், உள்ளே நடக்கும் போட்டி. ஒருவருக்கு முதலாவது மட்டும் போதும், இன்னொருவருக்கு இரண்டும் வேண்டும். எதுவாக இருந்தாலும் இரண்டும் வேறு வேறு என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஒன்றை நிறுத்திவிட்டு இன்னொன்று ஏன் நிற்கவில்லை என்று குழம்பியதில்தான் என் மூன்று மாதமும் போனது.

ஹார்ட் போடுவதற்குக் காசு கிடையாது. அதே சமயம் அது எந்த விலையையும் உங்களுக்காகப் பிடித்து வைக்காது. முன்பதிவும் ஆகாது. “நான்தான் ஹார்ட் போட்டிருந்தேனே, இன்னும் பழைய விலைக்குத் தரமாட்டார்களா?” என்று என் சித்தப்பா மகன் கேட்டான். தரமாட்டார்கள்.

2. தொடங்கும் முன் சரிபார்க்க வேண்டியவை

கணக்கின் நாடு. இதை முதலில் பாருங்கள். நான் கன்சோல் வாங்கிய கடையில் “நாங்களே எல்லாம் போட்டுத் தருகிறோம் சார்” என்று கணக்கையும் திறந்து கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்து பார்த்தால் விலை எல்லாம் டாலரில். நாடு அமெரிக்கா என்று போட்டிருந்தார்கள். பிளேஸ்டேஷன் கணக்கில் நாட்டை ஒரு முறை பதிந்தால் அப்புறம் மாற்ற முடியாது. மாற்ற வேண்டுமென்றால் புதுக் கணக்குத் திறப்பதுதான் வழி. பழைய கணக்கில் வாங்கிய விளையாட்டுகளும் விஷ்லிஸ்ட்டும் அங்கேயே தங்கிவிடும். நல்ல வேளையாக நான் அதுவரை எதுவும் வாங்கவில்லை. விலை ரூபாயில் தெரிகிறதா என்று பார்த்த பிறகே முதல் ஹார்ட்டைப் போடுங்கள்.

பிறந்த தேதி. அவசரத்தில் கண்டதைப் போடாதீர்கள். 18 வயதுக்குக் குறைவாகக் காட்டினால் அது பிள்ளைகள் கணக்காகி, ஒரு பெரியவரின் கணக்கின் கீழ்தான் இயங்கும்.

மின்னஞ்சல். நீங்கள் தினமும் திறக்கும் முகவரியாக இருக்கட்டும். ஆஃபர் செய்தியில் ஒரு பங்கு அங்கேதான் போகும். கடையில் போட்டுக் கொடுத்த முகவரி என்றால் அதன் பாஸ்வேர்டு உங்களிடம் இருக்கிறதா என்று இன்றைக்கே பாருங்கள்.

அலைபேசி எண்ணும் பிளேஸ்டேஷன் ஆப்பும். இருபடிச் சரிபார்ப்பை (பாஸ்வேர்டோடு ஒரு குறியீட்டையும் கேட்பது) போட்டுவிடுங்கள். ஆப்பில் அதே கணக்கால் நுழையுங்கள். ஆதார், பான் எதுவும் கேட்க மாட்டார்கள். யாராவது கேட்டால் நீங்கள் இருக்கும் பக்கம் போலி.

இவ்வளவுக்கும் இருபது நிமிடம் ஆகும், செலவு இல்லை.

3. ஹார்ட் போடுவது

இதில் பெரிதாக எதுவும் இல்லை. கடையில் விளையாட்டின் பக்கத்தைத் திறந்தால் வாங்கும் பொத்தானுக்குப் பக்கத்தில் ஹார்ட் இருக்கும். கன்சோல், ஆப், கணினி உலாவி மூன்றிலும் ஒரே பட்டியல்தான். ஓரிடத்தில் போட்டால் மற்ற இடங்களிலும் தெரியும்.

ஒரே விளையாட்டு சாதாரணப் பதிப்பு, டீலக்ஸ் பதிப்பு என்று இரண்டு மூன்றாகக் கிடக்கும். ஆஃபர் சில சமயம் டீலக்ஸுக்கு மட்டும் வரும். நோட்டிஃபிகேஷனைப் பார்த்ததும் துள்ளிக் குதிக்காமல், உள்ளே போய் எந்தப் பதிப்புக்கு எவ்வளவு என்று பாருங்கள்.

4. ஃபாலோவைத் தனியாகக் கழற்றுவது

பட்டியலில் இருக்கட்டும், ஆனால் டிரெய்லர் செய்தி வேண்டாம் என்றால், அந்த விளையாட்டின் பக்கத்துக்குப் போங்கள். மூன்று புள்ளி மெனுவைத் திறந்து ஃபாலோ எந்த நிலையில் இருக்கிறது என்று பார்த்து, எடுத்துவிடுங்கள். ஹார்ட் அப்படியே இருக்கும். விலை குறைந்தால் செய்தி வரும்.

மறுபக்கம், ஹார்ட்டை எடுத்துவிட்டோமே, எல்லாம் போயிருக்கும் என்று நம்பிவிடாதீர்கள். எடுத்த கையோடு ஃபாலோவையும் ஒரு முறை பாருங்கள். என் அக்கா மகனுக்கு விளையாட்டுக்காக ஒரு தனி யூசர் போட்டிருக்கிறேன். ஒரு மழை நாளில் அவன் அதில் 43 ஹார்ட் போட்டுவிட்டான். கையில் கன்ட்ரோலர், வெளியே பள்ளி விடுமுறை, வேறென்ன செய்வான்? மறுநாளிலிருந்து அவன் முகப்புத் திரையில், அவன் ஒருநாளும் விளையாடப் போகாத மீன்பிடி விளையாட்டுகளின் செய்தியெல்லாம் வந்து நின்றது. 43-ஐயும் ஒவ்வொன்றாகத் திறந்து கழற்ற ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் முழுவதும் ஆனது. ஹார்ட் எண்ணிக்கை பத்துக்கு மேல் போகும்போதே நிறுத்திக்கொள்ளுங்கள்.

5. நோட்டிஃபிகேஷன்: மூன்று குழாய், மூன்று திருகு

இங்கேதான் பலரும் மாட்டிக்கொள்கிறார்கள். செய்தி மூன்று வழியாக வருகிறது, மூன்றையும் தனித்தனியாகத்தான் திருக வேண்டும். ஒன்றை மூடினால் மற்றவை தானாக மூடாது.

முதல் குழாய் டிவித் திரை. கன்சோலில் செட்டிங்ஸுக்குப் போய் நோட்டிஃபிகேஷன்ஸைத் திறங்கள். நண்பர் அழைப்பு, டிராஃபி, டவுன்லோட் என்று நீளமாக ஒரு பட்டியல் வரும். அதில் விஷ்லிஸ்ட் சம்பந்தப்பட்ட வரியைத் தேடி, திரையில் எட்டிப் பார்ப்பதை மட்டும் நிறுத்துங்கள். விருந்தாளிகள் வரும் நாளுக்கு இன்னொரு சுருக்கு வழி உண்டு. கன்ட்ரோலரின் நடுவில் உள்ள பிளேஸ்டேஷன் பொத்தானை அமுக்கினால் கீழே ஒரு வரிசை வரும். அதில் நோட்டிஃபிகேஷன் குறிக்குள் ‘டூ நாட் டிஸ்டர்ப்’ இருக்கும். போட்டுவிட்டால் எதுவும் திரையில் தலைகாட்டாது. ஆடிப் பதினெட்டுக்கு முன்னால் எனக்கு இது தெரிந்திருந்தால் இந்தக் கட்டுரையே இருக்காது.

இந்த அமைப்பு ஒவ்வொரு யூசருக்கும் தனி. உங்கள் கணக்கில் நிறுத்தியது வீட்டில் மற்றவர்கள் கணக்கில் நிற்காது.

இரண்டாவது குழாய் அலைபேசி. ஆப்புக்குள் ஒரு நோட்டிஃபிகேஷன் பக்கம், போனின் செட்டிங்ஸில் அந்த ஆப்புக்கு ஓர் அனுமதி என்று இங்கே இரண்டு கதவு இருக்கிறது. இரண்டும் திறந்திருந்தால்தான் செய்தி வரும். “எனக்கு வரவே மாட்டேங்குது அண்ணா” என்று சொல்பவர்களில் முக்கால்வாசிப் பேருக்குப் போன் பக்கத்துக் கதவு மூடியிருக்கும், இல்லாவிட்டால் பேட்டரி மிச்சப்படுத்தும் அமைப்பு ஆப்பைத் தூங்க வைத்திருக்கும். பேட்டரி செட்டிங்ஸில் இந்த ஆப்புக்கு மட்டும் விலக்குக் கொடுங்கள்.

எனக்கு வேறு சிக்கல். வாரத்தில் ஐந்து நாள் ஏற்காட்டில் ஒரு காபி எஸ்டேட் அலுவலகத்தில் இருக்கிறேன். நாங்கள் இருக்கும் பள்ளத்தில் சிக்னல் வந்தால் வரும். வெள்ளி மாலை பஸ் ஒண்டிக்கடையைத் தாண்டி, கொண்டை ஊசி வளைவுகளில் திரும்பத் திரும்ப இறங்கும்போது, பாக்கெட்டில் போன் விட்டுவிட்டு அதிரும். ஐந்து நாள் செய்தியும் மொத்தமாக வந்து விழும். அடிவாரம் போய் நிதானமாகப் பார்த்தால், அதில் ஒரு ஆஃபர் வியாழன் இரவோடு முடிந்திருக்கும். இப்படி இரண்டு முறை ஏமாந்தேன். நோட்டிஃபிகேஷன் ‘வந்தது’ என்பது நமக்குக் கிடைத்த நேரம், ஆஃபர் தொடங்கிய நேரம் அல்ல. கொல்லிமலை, கல்வராயன் பக்கம் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மூன்றாவது குழாய் மின்னஞ்சல். இது கணக்கின் இணையப் பக்கத்தில், தகவல் தொடர்பு விருப்பங்கள் என்ற இடத்தில் இருக்கிறது. கணக்குத் திறக்கும்போது விளம்பர அஞ்சல் வேண்டுமா என்ற சின்னக் கட்டத்தில் நாம் டிக் போட்டோமா இல்லையா என்பது யாருக்கும் ஞாபகம் இருக்காது. எனவே போய்ப் பார்த்துவிடுங்கள். ஜிமெயில் என்றால் இந்த அஞ்சல் ‘புரொமோஷன்ஸ்’ பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும். ஒரு முறை இழுத்து முதன்மைப் பக்கத்தில் போட்டால், அடுத்தடுத்து அங்கேயே வரத் தொடங்கும்.

நான் இப்போது வைத்திருக்கும் ஏற்பாடு: டிவியில் மூடியது, போனில் திறந்தது, மின்னஞ்சலும் திறந்தது. மலையில் சிக்னல் இல்லாவிட்டாலும் அலுவலகக் கணினியில் அஞ்சலைப் பார்த்துவிடலாம்.

6. பிள்ளைகள் வீட்டில் இருந்தால்

பிள்ளைகளுக்கு உங்கள் கணக்கையே கொடுக்காதீர்கள். அவர்களுக்கு ஒரு பிள்ளைகள் கணக்குத் திறந்து, உங்கள் கணக்கைக் குடும்ப மேலாளராக வையுங்கள். மாதச் செலவு வரம்பை அங்கே நிர்ணயிக்கலாம். பூஜ்யம் என்று வைத்தால் அவர்கள் எதுவும் வாங்க முடியாது, ஹார்ட் மட்டும் போட்டுக்கொண்டிருக்கலாம். வயது வரம்பும் அங்கேயே உண்டு.

வரம்பைத் தளர்த்தினால், பிள்ளை வாங்கும்போது பணம் உங்கள் வாலட்டிலிருந்து (கணக்கில் முன்பே ஏற்றி வைத்த பணம்) போகும் என்பதை மறக்க வேண்டாம். வாங்கும்போதெல்லாம் பாஸ்வேர்டு கேட்கும்படி உங்கள் கணக்கில் அமைத்துவிடுங்கள். ‘இன்றே கடைசி’ என்ற நோட்டிஃபிகேஷனும், சேமித்து வைத்த கார்டும், பன்னிரண்டு வயதுப் பையனும் ஒரே அறையில் இருக்கக் கூடாது.

பரிசாக வாங்கப்போகும் விளையாட்டுக்கு டிவியில் ஹார்ட் போடவே போடாதீர்கள் என்று சொல்லத் தோன்றும். ஆனால் பட்டியல் எல்லா இடத்திலும் ஒன்றுதான் என்பதால் போனில் போட்டாலும் டிவியில் தெரியும். ரகசியம் காக்க ஒரே வழி, அந்த விளையாட்டின் பெயரைக் காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதி வைப்பது. எங்கள் வீட்டில் இப்போது அப்படித்தான்.

7. செய்தி வந்துவிட்டது: நேரமும் பணமும்

பிளேஸ்டேஷன் கடையில் ஆஃபர்கள் பெரும்பாலும் புதன்கிழமைகளில் மாறும். பலவும் இரண்டு வாரம் ஓடும், சில ஒரே வாரத்தில் முடிந்துவிடும். முடியும் தேதியும் நேரமும் விளையாட்டின் பக்கத்திலேயே விலைக்குக் கீழே போட்டிருக்கும். அதை மட்டும் நம்புங்கள். நான் புதன் இரவு சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு முறை பட்டியலைத் திறந்து பார்ப்பதை வழக்கமாக்கிக்கொண்டேன். நோட்டிஃபிகேஷன் தவறினாலும் இது தவறாது.

விலையில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. சில தள்ளுபடி பிளேஸ்டேஷன் பிளஸ் என்ற கட்டணச் சந்தா வைத்திருப்பவர்களுக்கு மட்டும். விலைக்குப் பக்கத்தில் மஞ்சள் நிறப் பிளஸ் குறி இருந்தால் அதுதான் அர்த்தம். சந்தா இருப்பவர்கள் இன்னொன்றையும் யோசிக்க வேண்டும். ஒவ்வொரு மாதமும் முதல் செவ்வாய்க்கிழமை சந்தாவோடு சில விளையாட்டுகள் சேர்கின்றன. அவை எவை என்பதை முன்கூட்டியே அறிவிப்பார்கள். மாதக் கடைசியில் விஷ்லிஸ்ட் ஆஃபர் வந்தால் அந்த அறிவிப்பு வரும்வரை பொறுங்கள். 1,500 ரூபாய் கொடுத்து வாங்கிய விளையாட்டு அடுத்த வாரம் சந்தாவிலேயே வந்து நிற்கும் வயிற்றெரிச்சல் எனக்கு ஒரு முறை வந்தது.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். புதிய பெரிய விளையாட்டு ஒன்று 4,999 ரூபாய் என்றால், 60 விழுக்காடு தள்ளுபடியில் சுமார் 2,000 ரூபாய்க்கு வரும். பணம் கட்ட கார்டு போடலாம். கார்டு எண்ணைச் சேமிக்க விருப்பமில்லை என்றால் 1,000, 2,000 ரூபாய் கிஃப்ட் கார்டு வாங்கி வாலட்டில் ஏற்றலாம். கிஃப்ட் கார்டும் கணக்கின் நாட்டுக்கே பொருந்த வேண்டும். இந்தியக் கார்டு அமெரிக்கக் கணக்கில் ஏறாது. மலிவாகக் கிடைக்கிறது என்று வேறு நாட்டுக் கார்டை வாங்கினால் காசு வீண். கிஃப்ட் கார்டால் வாலட்டில் ஏற்றியதைத் திரும்ப வங்கிக்கு எடுக்கவும் முடியாது. அதனால் தேவைக்கு மட்டும் ஏற்றுங்கள். கார்டை முன்கூட்டியே வாங்கி வையுங்கள். கடைசி நாள் இரவு பதினொன்றரைக்கு ஓ.டி.பி. வராமல் போனால் யாரையும் நொந்து பயனில்லை. மின்வெட்டு வேறு இருக்கிறது.

திருப்பிக் கொடுப்பது பற்றியும் சொல்லிவிடுகிறேன். வாங்கிய 14 நாளுக்குள் பணம் திரும்பக் கேட்கலாம், ஆனால் டவுன்லோட் தொடங்கியிருக்கக் கூடாது. இதில்தான் பொறி. வாங்கிய கையோடு கன்சோல் தானாக இறக்கத் தொடங்கலாம். மனதில் சந்தேகம் இருந்தால் தானியங்கி டவுன்லோடை முதலில் நிறுத்திவிட்டு வாங்குங்கள். முன்பதிவு என்றால், வெளியீட்டுக்கு 14 நாளுக்கு மேல் இருக்கும்போது செய்திருந்தால், வெளியாகும் நாள்வரை ரத்து செய்யலாம்.

8. எக்ஸ்பாக்ஸ், நின்டெண்டோ வைத்திருப்பவர்கள்

எக்ஸ்பாக்ஸிலும் விஷ்லிஸ்ட் பொருள் விலை குறைந்தால் செய்தி வரும். செட்டிங்ஸில் பிரிஃபரென்சஸ், அதற்குள் நோட்டிஃபிகேஷன்ஸ் போய் திருகிக்கொள்ளலாம். நாட்டு விஷயத்தில் இவர்கள் தாராளம். கணக்கின் இடத்தை மாற்ற முடியும், ஆனால் மூன்று மாதத்துக்கு ஒரு முறைதான்.

நின்டெண்டோவிலும் ஹார்ட் உண்டு. விளம்பர அஞ்சலுக்குச் சம்மதம் கொடுத்திருந்தால்தான் விலை குறைந்த செய்தி அஞ்சலில் வரும். வெளிநாட்டிலிருந்து யாராவது வாங்கி வந்த கன்சோல் என்றால் கணக்கும் வெளிநாட்டுக் கடையோடு இருக்கலாம். ஆஃபர் முடியும் நேரமும் அந்த ஊர் நேரமாக இருக்கலாம். ஒரு நாள் முன்னதாகவே முடிவு செய்துகொள்ளுங்கள்.

9. மாதம் ஒரு முறை

பட்டியலைத் திறந்து, வாங்கியவற்றையும் ஆர்வம் போனவற்றையும் எடுங்கள். ஒவ்வொன்றிலும் ஃபாலோவைத் திரும்பப் பாருங்கள். கன்சோலுக்கோ ஆப்புக்கோ பெரிய அப்டேட் வந்தால், நோட்டிஃபிகேஷன் பட்டியலில் புது வரி எதுவும் சேர்ந்திருக்கிறதா, அது தானாகத் திறந்திருக்கிறதா என்று பாருங்கள். பத்து நிமிட வேலை.

என் பட்டியலில் இப்போது ஆறுதான் இருக்கிறது. அக்கா மகன் கணக்கில் நேற்று பார்த்தேன், பத்தொன்பது. கேட்டால், “மாமா, காலண்டர் பின்னாடி எழுதியிருக்கறதை மட்டும் நான் போடலை” என்கிறான்.